அம்பு எடுக்குற கோயில்

சாவியா? இருக்கு, இருக்கு, அது எங்க போயிடப் போவுது. மொதல்ல ஒக்காருங்க தம்பி. அதுல வேணாம், அதுக்கு ஒரு கால் கட்டை. போன மாசம் சிரம்பான்லேர்ந்து வந்த பாதர் ஒருத்தரு அதுல ஒக்காந்து, பேசிக்கிட்டு இருக்கப்பவே பொத்துன்னு கீழ போயிட்டாரு. பாவம், எந்திரிச்சு அதுக்கும் ஒரு சிலுவ போட்டுக்கிட்டாரு. இந்தா, இதுல ஒக்காருங்க. தே ஓ கலக்கிட்டேன், பால் ஊத்தல. சீனி கம்மியாவா? இந்த வயசுலயேவா? சரி லா, நீங்க சொன்னா சரி.

சாவிய எங்கயோ வச்சேன், நெனப்பு வர மாட்டேங்குது. ஒங்க காடி அந்தச் செம்பன மட்டையில ஏறி எறங்கி வர்ற சத்தம் கேட்டப்பவே தேட ஆரம்பிச்சுட்டேன். அரிசித் தகரத்துல பாத்தேன், இல்ல. மாதா படத்துக்குப் பின்னாடி பாத்தேன், இல்ல. கெடச்சுரும். அவசரப்படுத்தாதீங்க, அவசரப்படுத்துனா எனக்கு ஒண்ணும் நெனப்பு வராது.

கடுதாசி வந்துச்சு, வராம என்னா. படிச்சேன். உலு மெரந்தி தோட்டத்த ஒங்க கம்பெனி வாங்கியாச்சு, செம்பனைய வெட்டிட்டு வரிச வரிசையா வீடு கட்டப் போறாங்க, கோயிலு இருக்கிற எடம் ரோட்டுக்கு வேணும். கட்டடத்தப் பூட்டி சாவிய குணாளன்ங்கிற அதிகாரி கையில குடுக்கணும், சொரூபத்த டவுன் கோயிலுக்கு மாத்திக்கலாம். அதானே? குணாளன்னா நீங்கதானே? நல்ல பேரு. யாரு வச்சது, அப்பாவா? இல்ல, சும்மாத்தான் கேட்டேன்.

என் பேரு சவரியம்மா. ஆன்ட்டின்னு கூப்புடுறீங்க, கூப்புடுங்க, காசா பணமா. இந்தத் தோட்டத்துல கடேசியா இருக்கிற ஆளு நான்தான். மத்தவங்க எல்லாம் பகாவ், சிரம்பான்னு போயிட்டாங்க. மணி அடிக்கிறது, கூட்டுறது, மெழுவுத்திரி விக்கிறது, பாதர் வந்தா சோறாக்குறது, எல்லாம் நான். மாசத்துக்கு ஒரு பூசை. மத்த நாளு நானும் உள்ள நிக்கிற செபஸ்தியார் சாமியும்தான். ரெண்டு பேரும் அதிகமாப் பேசிக்கிறதில்ல. அவருக்கு ஒடம்பு பூரா குத்தி நிக்கிற அம்பு, எனக்கு என் முட்டி வலி.

ரிப்போர்ட்டா? ஓ, நீங்க எழுதிக் குடுக்குறததான் கம்பெனி கேக்குமா. வரலாறு உள்ள கோயிலு, சனங்க வந்து போறாங்கன்னு எழுதுனா ரோட்ட கொஞ்சம் வளைச்சுக்குவாங்க. பாழாப்போன கட்டடம்னு எழுதுனா இடிச்சுருவாங்க. அப்ப செபஸ்தியாரு உசுரு ஒங்க பேனாவுல இருக்கு. என்னா எழுதறதா இருக்கீங்க? ஏற்கனவே எழுதிட்டீங்களா? கோயிலப் பாக்காமயேவா? கெட்டிக்காரப் பிள்ளதான் நீங்க. இல்ல லா, திட்டல, நெசமாவே சொல்றேன். கல்யாணம் பேசி முடிச்சுட்டுப் பொண்ணு பாக்க வர்றதும் ஒரு முறைதானே.

வரலாறுன்னு ஒரு பத்தி மட்டும் காலியா இருக்குதா. அத நான் சொல்லணுமா. எது வேணும் ஒங்களுக்கு? எங்கிட்ட மூணு இருக்கு. சிங்கப்பூர்லேர்ந்து பஸ்ஸுல வர்றவங்களுக்கு ஒண்ணு, பாதர்மாருக்கு ஒண்ணு, தோட்டத்து ஆளுங்களுக்கு ஒண்ணு. சிரிக்காதீங்க. ஒரே சட்டைய கல்யாணத்துக்கும் காட்டு வேலைக்கும் போட முடியுமா?

சிங்கப்பூர்க்காரங்களுக்குச் சொல்றது கப்பல் கத. கப்பல் ஒடஞ்சுருச்சு, செபஸ்தியாரு பெட்டியோட மெதந்து வந்து சி ரூசா கரையில ஒதுங்கிட்டாரு. அங்கேர்ந்து மாட்டுவண்டியில ஏத்திக் கொண்டாந்தாங்க. சரியா இந்த எடத்துக்கு வந்ததும் ரெண்டு மாடும் முட்டி போட்டுப் படுத்துருச்சு. ஆறு ஆம்பளைங்க தூக்குனாலும் எந்திரிக்கல. நான் இங்கதான் இருப்பேன்னு அவரு சொல்லிட்டாரு. இதச் சொன்னாப் போதும், ஆளுக்கு ஒரு கட்டு மெழுவுத்திரி வாங்கிருவாங்க.

அவங்க ஏன் இம்புட்டு தூரம் வர்றாங்கன்னு கேக்குறீங்களா? அது ஜப்பான்காரன் காலத்துச் சொந்தம். சிங்கப்பூர்ல சோறு இல்லன்னு வெள்ளக்காரக் கலப்புல வந்த சட்டக்காரங்களையும் சீன வேதக்காரங்களையும் பகாவ் காட்டுக்கு அனுப்பிட்டாங்க, நெலத்த வெட்டிப் பொழைங்கன்னு. டவுன்ல பொறந்தவங்களுக்கு மம்பட்டி புடிக்கத் தெரியுமா. காச்சல்ல கொத்துக் கொத்தா செத்துப் போனாங்க. நடக்க முடிஞ்சவங்க இங்க வந்து இவரு காலுல விழுந்தாங்க. தப்பிச்சவங்களோட பேரப் பிள்ளைங்கதான் இப்ப பஸ்ஸுல வர்றது. தமிழ் ஒரு வார்த்த தெரியாது, பொங்கச் சோறு மட்டும் நல்லாத் தெரியும்.

பாதர்மாரு கதையில மாடு கெடையாது. ஞானப்பிரகாசம்னு ஒரு கங்காணி, நாகப்பட்டினத்துல கப்பலேறுனவரு, பக்தியோட சொரூபத்தக் கொண்டாந்து வச்சாரு. அவங்களுக்கு வருஷம் வேணும். வருஷத்த நான் பாதர் மூஞ்சியப் பாத்துத்தான் சொல்றது. வயசான பாதரா இருந்தா கொஞ்சம் பழசாச் சொல்லுவேன், சந்தோஷப்படுவாரு.

பழசு இல்லங்கிறீங்களா? நூறு வருஷத்துக்கு மேல ஆச்சு, அது எல்லாரும் ஒத்துக்கிறது. நூறு வருஷமெல்லாம் ஒரு பழசான்னு கேட்டீங்கன்னா, இந்தத் தோட்டத்துல வேற எது நிக்கிது காட்டுங்க பாப்போம். ஆளுங்க குடியிருந்த லயம் போச்சு. ஸ்டோரு போச்சு. தொரை பங்களாவுல நாலு மாடு மேஞ்சுக்கிட்டு இருந்துச்சு, அதுவும் போன வருஷம் விழுந்துருச்சு. ரப்பர் பால்மரமே போயி செம்பன வந்தாச்சு. இவரு ஒருத்தருதான் வந்த எடத்துல நிக்கிறாரு.

சரி, தோட்டத்து ஆளுங்களுக்குச் சொல்றதையே ஒங்களுக்கும் சொல்றேன். நெசமான கத அதுதான். பேனாவக் கொஞ்சம் கீழ வைங்க, எழுதுற கத இல்ல அது.

கங்காணி இருந்தது நெசம். ஆனா அவரு வேற தோட்டத்துக்குத்தான் ஆளு கொண்டுபோனாரு, இங்க இல்ல. ஊருல கப்பலேறுறப்ப, பொண்டாட்டி சீதனமாக் கொண்டாந்த பித்தளைப் பாத்திரத்தையெல்லாம் எடுத்து வெளிய வச்சுட்டு, அந்தப் பெட்டியில செபஸ்தியார வச்சுட்டாரு. அந்தம்மா பேரு வியாகுலம். நடுக்கடல்ல கஞ்சி குடிக்கப் பெட்டியத் தொறந்தா கும்பா இல்ல, சாமி இருக்காரு. அதுலேர்ந்து புருஷங்கிட்ட ஒரு வார்த்த பேசல. கப்பல்ல பேசல, ரயில்ல பேசல, மாட்டுவண்டியில பேசல.

மாடு படுத்ததும் நெசம்தான். இந்த எடத்துல அப்ப கள்ளுக்கட இருந்துச்சு. வண்டிக்காரன் ஒரு மங்கு குடிச்சுட்டு வர்றேன்னு மாட்டக் கொண்டுபோயி கடைக்குப் பின்னாடி கட்டிட்டான். அங்க புளிச்சுப்போன கள்ளக் கொட்டி வச்சிருந்த தொட்டி. மாட்டுக்கென்னா தெரியும். ரெண்டும் வயிறு முட்டக் குடிச்சுட்டு, வண்டியில பூட்டி இங்க வந்ததும் படுத்துருச்சு. அப்ப புதுமை இல்லியான்னு கேட்டா, புதுமைதான். தொட்டிய அங்க வச்சது யாரு?

வேற வழியில்லாம கங்காணியும் ஆளுங்களும் வண்டியச் சுத்திப் படுத்துட்டாங்க. பெட்டி மூடி சரியா மூடல. விடிகாலையில வேலைக்குப் பேரு குடுக்கப் பெரட்டுக்குப் போன நம்ம தோட்டத்து ஆளுங்கதான் மொதல்ல பாத்தாங்க. எல்லாரும் மாரியம்மன் கோயில் ஆளுங்க, வேதக்காரங்க ஒருத்தரு கெடையாது. நீங்களே யோசிச்சுப் பாருங்க. பெட்டிக்குள்ள ஒரு ஆளு. இடுப்புல ஒரு துண்டு, மேல சட்ட இல்ல. மரத்தோட கட்டி வச்சிருக்கு. கண்ணு மேல பாக்குது, அருள் வந்த மாதிரி. ஒடம்பு பூரா அலகு. அவங்க என்னா நெனப்பாங்க? காவடி எடுத்த சாமின்னுதான் நெனப்பாங்க.

அப்ப பூசாரியா இருந்தவரு ராமசாமி. அவருக்கு மனசு தாங்கல. என்னடா அநியாயம் இது, காவடிய எறக்கிட்டு அலகு எடுக்காமயே உட்டுட்டுப் போயிட்டானுங்களே, எத்தன நாளா இந்த நோவோட நிக்கிறாரோ மனுஷன்னு சத்தம் போட்டாரு. துன்னூறு வந்துச்சு, எலுமிச்சம்பழம் வந்துச்சு. நாலு பேரு வேல் வேல்னு சொல்ல, முறைப்படி நெஞ்சுல இருந்த ஒரு அம்ப உருவி எடுத்துட்டாரு. ஓட்டையில துன்னூற வச்சு கட்ட வெரலால அழுத்தியும் உட்டுட்டாரு. ரெண்டாவதுல கை வைக்கிறப்பதான் கங்காணி கண்ண முழிச்சாரு.

அப்புறம் என்னா, அடிதான். வேதக்காரங்க சாமிக்குத் துன்னூறான்னு இவரு பாய, ஒரு சாமிய இப்படியா வச்சிருப்பீங்கன்னு அவரு பாய, பெரட்டுக்கு நேரமாச்சுன்னு வேல வாங்குற மண்டோரு நடுவுல பாய. அப்ப வண்டிக்குள்ளேர்ந்து ஒரு பொம்பள சத்தம். வியாகுலம். கப்பலேறுனதுலேர்ந்து அன்னிக்குத்தான் வாயத் தொறக்குது. இம்புட்டு வருஷமா கும்புடுறமே, இவருக்கு வலிக்குமேன்னு நம்மள்ல ஒருத்தருக்காச்சும் தோணுச்சா? அந்தப் பூசாரிக்குத் தோணிருச்சு. எடுக்கட்டும் உடுங்க. இம்புட்டுத்தான் சொல்லுச்சு. சொல்லிட்டு, இதுக்கு மேல ஒரு அடி நான் வர மாட்டேன்னு இங்கயே எறங்கி அடுப்பு மூட்டிருச்சு.

கதையில இந்த எடத்துக்கு வர்றப்பல்லாம் மாதாவுக்கு ஒரு மெழுவுத்திரி ஏத்திட்டுத்தான் மேல சொல்லுவேன் தம்பி. ஆயிரம் தடவ சொல்லியாச்சு, இருந்தாலும் ஏத்தணும். கொஞ்சம் இருங்க.

அப்ப லயத்துல காச்சல் பரவிக் கெடந்துச்சு, அந்த வாரமே நின்னுருச்சு. தொரை கால்வாயில மண்ணெண்ணெ ஊத்துனாரு, அதுலதான் கொசு செத்துச்சுன்னு ஆஸ்பத்திரி கிராணி சொல்லிக்கிட்டுத் திரிஞ்சாராம். சொல்லட்டும். மண்ணெண்ணெ ஊத்தணும்னு தொரைக்குப் புத்தி குடுத்தது யாரு?

அன்னிலேர்ந்து இதான் இங்க முறை. ஜனவரியில திருநாளுக்கு மொத நாளு சாயந்தரம், பூசாரி ராமசாமி வகையறாவுலேர்ந்து ஒருத்தரு வருவாரு. அம்பையெல்லாம் ஒண்ணொண்ணா உருவி எடுப்பாரு. பால் ஊத்திக் கழுவி, துன்னூறு வச்சு, வெள்ள வேட்டி போத்தி உட்டுருவோம். வருஷத்துல அந்த ஒரு நாளு அவரு நோவு இல்லாமத் தூங்கட்டும்னு. மறுநாளு பூசை முடிஞ்சு வேதக்காரங்க நாங்க அம்ப திருப்பிச் சொருவுவோம். எடுக்குறது அவங்க, சொருவுறது நாங்க. நல்ல பேரு பூரா அவங்களுக்கு, கெட்ட பேரு எங்களுக்கு.

அம்பு எடுக்குற கோயில்னு சொன்னா பகாவ் பாசார்ல எல்லாருக்கும் தெரியும். முதுகு வலி, மூட்டு வலி, மனசு வலி, எல்லாத்துக்கும் வந்து நிப்பாங்க. ஒரு புது பாதரு வந்து, இது வேதத்துக்கு ஆவாது, நிறுத்துங்கன்னாரு. சரிங்க பாதர், நீங்களே சொரூபத்துக்கிட்ட சொல்லிட்டுப் போங்கன்னேன். உள்ள போனாரு. ரொம்ப நேரம் ஆளக் காணோம். வெளிய வந்து, சவரியம்மா, அந்த அம்பு ஒண்ண நானும் எடுத்துப் பாக்கலாமான்னாரு. அவருக்கு வருஷக்கணக்கா முதுகு வலியாம். வலி போச்சான்னு எனக்குத் தெரியாது. தடை போச்சு.

என்னா, மணியப் பாக்குறீங்க. சாவி வரும் லா. தே ஓவக் குடிங்க.

இத எப்படி ரிப்போர்ட்ல எழுதறதுன்னு யோசிக்கிறீங்க, தெரியுது. எழுதாதீங்க. எழுதுனா ஒங்க ஆபீஸ்ல ஒங்களத்தான் ஒரு மாதிரி பாப்பாங்க. இதவிட எழுத முடியாத ஒண்ணும் இங்க நடக்குது, கேக்குறீங்களா? இங்க பிள்ளைங்கள வாங்குவோம்.

ஐயோ, எந்திரிக்காதீங்க, போலீஸ் கேஸு இல்ல அது. ஒக்காருங்க. நம்ம சனங்க வழக்கம்தான், ஒங்க ஆளுங்களும் செய்யிறதுதான். பொறக்குற பிள்ள தங்காம அடுத்தடுத்துப் போயிட்டா, அடுத்து பொறக்குறத தாயி வச்சுக்கக் கூடாது. சாமிக்கு வித்துரணும். காசுக்கு இல்ல, தவுட்டுக்கு. தவுட்டுக்குப் போன பிள்ள, இத வேற தூக்கிக்கிட்டுப் போவணுமான்னு எமனே திரும்பிப் பாக்காமப் போயிருவானாம். அம்பு எடுத்து வச்சிருக்கிற நேரத்துலதான் விக்கிறது. வலி இல்லாதப்பதான் சாமிக்கு மத்தவங்க சொல்றது நல்லாக் காதுல விழும்னு சொல்லுவாங்க.

சாமிக்காக வாங்குறதுக்கு ஒரு பொம்பள வேணும். பிள்ள இல்லாதவளா இருக்கணும். பிள்ள உள்ளவ வாங்குனா மனசு ரெண்டாப் போயிருமாம். எனக்குக் கல்யாணமாகி அஞ்சாறு வருஷமா ஒண்ணும் இல்ல, அதனால என்னப் புடிச்சு ஒக்கார வச்சுட்டாங்க. வெக்கம் இல்ல அதுல, எனக்கும் அது பெருமையாத்தான் இருந்துச்சு. பால்மரத்துல கட்டுற மங்கு இருக்கு பாருங்க, அதுல ஒரு மங்கு தவுடு. நான் தவுட்டக் குடுத்துட்டுப் பிள்ளைய மடியில வாங்கிக்கணும். அப்புறம், இத என்னால வளக்க முடியாது, நீயே வளத்துக் குடுன்னு தாயிகிட்டயே திருப்பிக் குடுத்துரணும். வளர்றது அவ வீட்ல. பிள்ள இங்கத்துப் பிள்ள.

அதுல பேரம் பேசணும், அதான் வேடிக்க. தாயி சொந்தப் பிள்ளைய மட்டமாப் பேசணும். இது நோஞ்சான், ஒண்ணுத்துக்கும் ஒதவாது, வாங்கிக்கங்கன்னு சொல்லணும். நான் மூஞ்சியச் சுளிக்கணும். இதுக்கா ஒரு மங்கு, மூக்கு சப்ப, காது கோணைன்னு கொறைக்கணும். சுத்தி நிக்கிறவங்க சிரிப்பாங்க. எமனுக்குக் கேக்குற மாதிரி சத்தமாப் பேசணும் பாருங்க.

பெரியவனானதும், கல்யாணத்துக்கு முந்தி, தாயி ஒரு சேவலக் கொண்டாந்து சாமிக்குக் குடுத்துட்டுப் பிள்ளைய மீட்டுக்கிட்டுப் போயிரணும். அது வரைக்கும் தாயி வாயால இத பிள்ளகிட்ட சொல்லக் கூடாது. பெத்தவ சொன்னா வித்தது செல்லாது. வாங்குனவதான் சொல்லணும். இப்படி நான் வாங்குனது பத்துப் பதினஞ்சு இருக்கும். எல்லாரையும் மீட்டுட்டாங்க. லோரி ஓட்டுறான் ஒருத்தன், டீச்சரா இருக்கா ஒருத்தி. ஒண்ணே ஒண்ணுதான் மீக்காமக் கெடக்குது.

அதப் பெத்த பொண்ணுக்கு அதுக்கு முந்தி ரெண்டு பிள்ள போயிருச்சு. மூணாவது மாசம் நெறையாமப் பொறந்துச்சு. பால் வாளியில வச்சா மிச்சம் எடம் இருக்கும், அம்புட்டுத்தான் பிள்ள. தூக்கிக்கிட்டு வந்தா. பேரம் பேசச் சொன்னாங்க. இது நோஞ்சான்னு ஆரம்பிச்சா, அடுத்த வார்த்த வரல. சொல்லு புள்ளன்னு எல்லாரும் சொல்றாங்க. எம் பிள்ளைய எப்படி அப்படிச் சொல்லுவேன்னு தரையில ஒக்காந்து அழுவுறா. அவ சொல்ல வேண்டியதையும் நானே சொன்னேன், நான் சொல்ல வேண்டியதையும் நானே சொன்னேன். கடேசியில அர மங்கு தவுட்டுக்கு வாங்குனேன். மடியில வச்சதும் அது என் வெரலப் புடிச்சுக்கிச்சு. திருப்பிக் குடுக்க எனக்கு மனசு வரல தம்பி. குடுத்துட்டேன், ஆனா மனசு வரல.

அப்புறம் தோட்டத்துல ஆளு கொறச்சப்ப அவங்களும் போயிட்டாங்க. பிள்ளைக்கு அப்ப நாலஞ்சு வயசு. ஆனா அவ மட்டும் வருஷா வருஷம் திருநாளுக்கு வந்துருவா. வீட்ல பகாவ்ல பெரியம்மா வீட்டுக்குப் போறேன்னு பொய் சொல்லிட்டு. பகாவ்ல அவளுக்குப் பெரியம்மாவும் இல்ல, சின்னம்மாவும் இல்ல. பையன் படிச்சான். வேலைக்குப் போனான். கல்யாணமும் பேசிட்டாங்க. சேவலோட வந்து நின்னா, இந்தக் கதவுகிட்டதான். உள்ள வாடின்னேன். வரல. அக்கா, மீட்டுட்டா அப்புறம் அவன் வெறும் எம் பிள்ளதானேங்கிறா. எம் பிள்ளைங்க தங்காது அக்கா, அவருகிட்டயே இருக்கட்டுங்கிறா. சேவல எங்கையில குடுத்துட்டு அழுதுக்கிட்டே போயிட்டா. அடுத்த வருஷமும் சேவலோட வந்தா. அடுத்த வருஷமும். வருவா, கதவு வரைக்கும் போவா, பயந்துருவா, சேவல எங்கிட்ட குடுத்துட்டுப் போயிருவா. எல்லாச் சேவலையும் நான்தான் கொழம்பு வச்சேன். வேற என்னா பண்றது, சாமிக்குப் போவாத சேவல வச்சுக்கிட்டு.

நேத்து போன் போட்டா. அக்கா, நாளைக்குக் காலையில ஒருத்தன் சாவி கேட்டு வருவான், ஒக்கார வச்சுப் பேசுங்கன்னா. ஏண்டின்னேன். ராத்திரி சாப்பாட்டு மேசையில உலு மெரந்தின்னு பேரச் சொன்னானாம். கைச்சோறு கையிலயே நின்னுருச்சாம் அவளுக்கு. நான் சொல்லக் கூடாது, வாங்குனவங்க நீங்கதான் சொல்லணும்னா.

தெமியாங்லதான் இருக்கா. பேரா? புஷ்பவள்ளி.

பாத்து, பாத்து, தே ஓ மேல கொட்டுது. அந்தத் துணிய எடு. வீட்ல ஒன்ன என்னான்னு கூப்புடுவா, இப்பவாச்சும் சொல்லு. தவுடுன்னுதானே? கூட்டாளிங்க முன்னாடி அப்படிக் கூப்புட்டா கோவிச்சுக்குவியாமே. சொல்லியிருக்கா. கோவிச்சுக்காத. அது நான் குடுத்த பேரு.

இல்ல, ஒன்ன ஏமாத்தறதுக்குச் சொல்லல. நான் பாதர்கிட்ட வருஷத்த மாத்திச் சொல்லுவேன், சிங்கப்பூர்க்காரங்ககிட்ட மாட்ட மாத்திச் சொல்லுவேன். பிள்ள விசயத்துல பொய் சொல்ல மாட்டேன். எனக்குன்னு ஒண்ணு பொறக்கல. வாங்குனதுலயும் எல்லாரும் மீண்டு போயிட்டாங்க. மிச்சம் நீ ஒருத்தன்தான். நீ காடிய விட்டு எறங்குனப்ப, வாங்க தம்பின்னு மரியாதையாப் பேச நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும்.

ஒங்கம்மாவுக்கு கோயிலு மேல கூட கவல இல்ல. அவ பயம் வேற. நாப்பது வருஷமா நீ உசுரோட இருக்கிறது இவரு வச்சிருக்கிறதாலன்னு அவ நம்புறா. இந்தக் கதவ யாரு வேணும்னாலும் பூட்டட்டும் அக்கா, எம் மவன் கையால பூட்டக் கூடாதுன்னு அழுவுறா. நீ படிச்சவன், ஒனக்கு இது சிரிப்பா இருக்கலாம். இருந்தா சிரிச்சுக்க. அவ சிரிக்க மாட்டா.

சாவி இந்தா. தேடவே இல்ல, காலையிலேர்ந்து இடுப்புலதான் இருக்கு. கம்பெனிக்காரனுக்குக் குடுக்குறதா இருந்தா இன்னும் ரெண்டு மணி நேரம் தேடியிருப்பேன். வீட்டுப் பிள்ளைக்குக் குடுக்காம இருக்க முடியுமா. வாங்கிக்க. பூட்டு கொஞ்சம் இறுவும், தூக்கிப் புடிச்சுத் திருப்பு. உள்ள போயி அவர ஒரு வாட்டி பாத்துட்டு வா. அப்புறம் பூட்டிக்கிட்டுப் போறியா, தொறந்து போட்டுட்டுப் போறியா, ஒன் இஷ்டம். நான் ஒண்ணும் சொல்ல மாட்டேன்.

வந்துட்டியா. ரொம்ப நேரம் நின்னுட்ட. கண்ணத் தொட, மூக்கச் சிந்தணும்னா அந்தாண்ட போயி சிந்து.

என்னா, சாவிய மேசையில வச்சுட்ட? எடுத்துக்கிட்டுப் போவலையா? ரிப்போர்ட்ட முழுசும் மாத்தி எழுதணுமா? எழுது, ஒனக்குத்தான் கெட்டிக்காரத்தனம் இருக்கே. இந்த வாட்டி மட்டும் பாத்துட்டு எழுது. கள்ளுத் தொட்டிய விட்டுரு.

அதுக்கு முந்தி ஒங்கம்மாவுக்குப் போனப் போடு. காலையிலேர்ந்து பச்சத் தண்ணி குடிக்காம ஒக்காந்திருப்பா. அக்கா சொல்லிட்டாங்கன்னு சொன்னாப் போதும், அவளுக்குப் புரியும். ஜனவரிக்கு வழக்கம்போல சேவலோட வரச் சொல்லு. மீக்கிறாளா இல்லியான்னு கதவுகிட்ட நின்னு அவளே முடிவு பண்ணிக்கட்டும். ஆனா நீ காடியில கூட்டிக்கிட்டு வா. பஸ்ஸுல சேவலோட ஏறுனா டிரைவர் திட்டுறானாம்.